எடைமேடையில் ஒரே நாற்காலி

ஏழு வருஷமாக எடைக்காரர் வீட்டில் ஒரு ஆளைத் திட்டாமல் யாருக்கும் சாப்பாடு இறங்கியதில்லை. அந்த ஆளை அவர்கள் பார்த்ததுகூடக் கிடையாது. காகித ஆலையின் எடைமேடையில் எடைக்காரர் பதினெட்டு வருஷம் உட்கார்ந்திருந்த நாற்காலியில் இப்போது அவன் உட்கார்ந்திருக்கிறான், தெரிந்தது அவ்வளவுதான். பேர் தெரியாததால் 'புதுசு' என்று வைத்துவிட்டார்கள்.

"புதுசு இந்நேரம் ஃபேனைப் போட்டுட்டு காலை நீட்டி உக்காந்திருக்கும்" என்று மனைவி ஆரம்பிப்பாள். தட்டில் பரிமாறிக்கொண்டே ஆரம்பிப்பாள், அதுதான் அவளுக்கு நேரம்.

"உக்காரட்டும். எத்தனை நாளைக்குன்னு பாப்போம்" என்று இவர் முடிப்பார்.

மகள் மட்டும் எதுவும் சொல்ல மாட்டாள். அப்பாவுக்கு வேலை போன வருஷம் அவள் கல்லூரியை நிறுத்திவிட்டு மருந்துக்கடையில் நிற்கப் போனாள். நாள் முழுக்க நின்று வந்து கால் வலியோடு உட்கார்ந்திருப்பவளுக்கு யாரையும் திட்டத் தெம்பு இருக்காது.

வேலை எப்படிப் போனது என்று சொன்னால் உங்களுக்குக்கூடக் கோபம் வரும். எனக்கு இன்னும் வருகிறது. ஆலைக்குத் தினமும் முப்பது நாற்பது லாரி பழைய காகிதம் வரும். உள்ளே போகும்போது லோடோடு ஒரு எடை, இறக்கிவிட்டு வெளியே போகும்போது காலி வண்டிக்கு ஒரு எடை. முதலாவதிலிருந்து இரண்டாவதைக் கழித்தால் காகிதம் எவ்வளவு என்று வந்துவிடும். குழந்தைக் கணக்குதான். ஆனால் வாசலில் வண்டி வரிசை கட்டி நின்று, டிரைவர்கள் ஹாரன் அடித்து, உள்ளே கூழ்த் தொட்டி காகிதம் இல்லாமல் காய்ந்துகொண்டிருக்கும் நாளில் காலி வண்டியை யார் மறுபடியும் மேடையில் ஏற்றிக்கொண்டிருப்பது? எடைக்காரருக்கு வாடிக்கை லாரிகள் அறுபதுக்கும் காலி எடை மனப்பாடம். நம்பரைச் சொன்னால் கிலோவைச் சொல்வார். ஸ்டோர்ஸ் ஆபீசரே ஜன்னலில் தலையை நீட்டி, "மனசுல இருக்கிறதை எழுதி அனுப்பிவிடுய்யா, லைனைப் பாரு" என்பார். இவரும் எழுதி அனுப்பிவிடுவார். அதில் இவருக்குக் கொஞ்சம் பெருமைகூட இருந்தது, அதையும் சொல்லிவிட வேண்டும்.

ஒரு லாரிக்காரன், வண்டியின் தளத்தில் மரப்பலகையை எடுத்துவிட்டு இரும்புத் தகடு அடித்திருந்தான். காலி வண்டியே முன்னூறு கிலோ கூடிப்போயிருந்தது. இவர் பழைய எடையையே எழுதிக்கொண்டிருந்தார். பதினாலு நடை, ஒவ்வொரு நடைக்கும் அந்த முன்னூறு கிலோ இரும்பைக் காகிதம் என்று ஆலை வாங்கியிருக்கிறது. மேலிடத்திலிருந்து ஆள் வந்து கண்டுபிடித்தபோது, லாரிக்காரனும் எடைக்காரனும் கூட்டு என்று அன்றைக்குச் சாயங்காலமே முடிவு கட்டிவிட்டார்கள். என்ன ஏது என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை, நோட்டீஸ் இல்லை, விசாரணை இல்லை. கையில் ஒரு காகிதத்தைக் கொடுத்து வெளியே போகச் சொல்லிவிட்டார்கள். ஜன்னலில் தலையை நீட்டிய ஆபீசர் அன்றைக்குத் தலையைக் குனிந்துகொண்டு ஏதோ ஃபைலைப் புரட்டிக்கொண்டிருந்தார்.

அதற்கப்புறம் லேபர் கோர்ட்டுக்கு நடையாய் நடந்தார். வக்கீலம்மா நல்ல மனுஷி, வாயை அதிகம் திறக்காத மனுஷி. அறுபது எழுபது வாய்தா போயிருக்கும். நீதிபதிகள் மூன்று பேர் மாறினார்கள். இடையில் எடைக்காரர் வாடகைச் சாமான் கடையில் மேஜை தூக்கினார், மரக்கடையில் காவல் இருந்தார், மனைவி ஊரார் துணியெல்லாம் வாங்கித் தைத்தாள். தெருவில் தெரிந்தவர்கள் எதிரே வந்தால் இவரே முந்திக்கொண்டு எதிர் வரிசைக்குப் போய்விடுவார். திருடன் என்று யாரும் வாயால் சொல்லவில்லை. சொல்லாமல் இருந்த விதம்தான் இவரைத் தின்றது.

ஆலையிலிருந்து இவருக்காகச் சாட்சிக் கூண்டில் ஏறியது ஒரே ஒரு ஆள், வாசல் வாட்ச்மேன். "ஆபீசர்தாங்க எழுதச் சொல்லுவாரு. நான் பக்கத்துலதான் நிப்பேன், தினமும் கேட்டிருக்கேன்" என்று சொல்லிவிட்டு இறங்கிப் போனார். அடுத்த வாரமே அவரைப் பின்வாசலுக்கு மாற்றினார்கள், கழிவுநீர் ஓடும் பக்கம், மேலே கூரைகூட இல்லாத இடம். ஓய்வு பெறும்வரை வெயிலிலும் மழையிலும் அங்கேதான் நின்றார்.

ஏழாவது வருஷம் தீர்ப்பு வந்தது. விசாரணை வைக்காமல் வேலையை விட்டு எடுத்தது செல்லாது. பழைய வேலையிலேயே, பணித்தொடர்ச்சியோடு, மறுபடியும் சேர்த்துக்கொள்ள வேண்டும். எடைக்காரர் முதலில் வாட்ச்மேன் வீட்டுக்குத்தான் ஓடினார். கையைப் பிடித்துக்கொண்டு அழுதே விட்டார். வாட்ச்மேனுக்கு வெட்கமாகப் போய்விட்டது. "பாத்ததைச் சொன்னேன். இதுல என்ன இருக்கு? போய் வேலையைப் பாருங்க" என்று முழங்காலைத் தேய்த்துக்கொண்டே சொன்னார்.

வேலையில் சேரும் நாள் மனைவி சட்டையை இரண்டு தடவை தேய்த்தாள். "அந்தப் புதுசை எழுப்பிவிட்டுட்டு ஜம்முனு உக்காருங்க. மூஞ்சி எப்படிப் போகுதுன்னு வந்து சொல்லுங்க" என்றாள். எடைக்காரரும் அதை நினைத்துச் சிரித்துக்கொண்டேதான் போனார்.

எடைமேடை அறை மாறவே இல்லை. ஒரு ஜன்னல், ஒரு மேஜை, சுவரோரம் ரிஜிஸ்டர்கள் அடுக்கிய இரும்பு அலமாரி, ஒரே நாற்காலி. புதிதாக வந்தது ஒரு கம்ப்யூட்டர்தான். நாற்காலியில் இருந்தவர் இவரைப் பார்த்ததும் எழுந்துவிட்டார். நாற்பது வயதிருக்கும், முன்வழுக்கை, சட்டைப்பையில் இரண்டு பேனா. ஏழு வருஷம் 'அவன்', 'அது' என்றே பேசிவந்த எடைக்காரருக்கு நேரில் பார்த்ததும் அந்த வார்த்தை நாக்கில் வரவில்லை.

"வாங்கண்ணே. நீங்க வர்றீங்கன்னு காலையிலதான் சொன்னாங்க. ரெண்டு பேரா இருந்தா நல்லதுதான், ஒண்டி ஆளா சமாளிக்க முடியலை" என்றார் புதுசு.

அவருக்கு வேறொன்றும் சொல்லப்பட்டிருக்கவில்லை. உட்காருங்கள் என்று நாற்காலியைத் தூசி தட்டிக் கொடுத்துவிட்டு, எல்லாவற்றையும் சொல்லிக் கொடுக்க ஆரம்பித்தார். கம்ப்யூட்டரில் எந்தப் பொத்தான், சீட்டு சிக்கிக்கொண்டால் என்ன செய்வது, மழை பெய்தால் மேடைக்கு அடியில் தண்ணீர் நின்று எடை தப்பாகக் காட்டும், அதனால் கொஞ்சம் தேங்கினாலும் வாளியால் இறைத்துவிட வேண்டும். "கம்ப்யூட்டர் என்னதான் காட்டினாலும் ரிஜிஸ்டர்ல கையால எழுதிடுவேண்ணே. ஒவ்வொரு பக்கத்துலயும் கையெழுத்து. ஏழு வருஷத்துல ஒரு பக்கம் விட்டதில்லை" என்று அலமாரியைக் காட்டினார். கையெழுத்து அச்சு அடித்த மாதிரி இருந்தது. எடைக்காரரே மனசுக்குள் மெச்சிக்கொண்டார்.

பத்து மணிக்கு ஆபீஸ் பியூன் ஒரு கவரோடு வந்தான். புதுசு நின்றபடியே பிரித்துப் படித்தார். எடைமேடைக்கு ஒரே பணியிடம். கோர்ட் உத்தரவுப்படி பழைய ஆளைச் சேர்த்தாயிற்று. இன்று முதல் உங்கள் சேவை தேவையில்லை. நாலு வரிதான், மேலே பேரும் இல்லை, கீழே ஆலை முத்திரையும் கையெழுத்தும் இல்லை. அவர் இரண்டு தடவை படித்தார்.

"நான் என்ன தப்பு பண்ணேன்?" என்று கேட்டார். பியூனைக் கேட்டாரா, இவரைக் கேட்டாரா என்று தெரியவில்லை. பியூன் நழுவிவிட்டான்.

எடைக்காரர் எழுந்து நின்றார். எழுந்து என்ன பிரயோசனம்? நாற்காலி ஒன்று, ஆட்கள் இரண்டு. அதைச் செய்தது அவரில்லை. கோர்ட்டும் புதுசை வெளியே அனுப்பு என்று சொல்லவில்லை. ஆலை நினைத்திருந்தால் உள்ளே நூறு இடம் இருந்தது. ஆனால் சாப்பாட்டு டப்பாவையும் தண்ணீர் பாட்டிலையும் பையில் வைத்துக்கொண்டு அந்த மனுஷர் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு போனதை ஜன்னலில் பார்த்தது எடைக்காரர்தான். ஏழு வருஷம் ஆசைப்பட்ட காட்சி அது. பார்க்கச் சகிக்கவில்லை.

சாயங்காலம் மனைவி வாசலிலேயே காத்திருந்தாள். "என்னங்க, மூஞ்சி எப்படிப் போச்சு?"

"விடு" என்றார். "நல்ல ஆளு."

மூன்று மாதம் கழித்துப் புதுசு வாசலுக்கு வந்தார். கேட்டுக்கு வெளியேதான் நின்றார், உள்ளே விட மாட்டார்கள். மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் எடைக்காரர் போய்ப் பேசினார். புதுசும் லேபர் கோர்ட்டுக்குப் போயிருக்கிறார். ஆலை என்ன சொல்கிறது தெரியுமா? இப்படி ஒரு ஆள் எங்களிடம் வேலையே பார்க்கவில்லை, காண்டிராக்ட்காரர் அவ்வப்போது அனுப்பிய கூலிகளில் யாராவது ஒருவராக இருக்கலாம் என்கிறது. ஏழு வருஷம் தினமும் உட்கார்ந்த மனுஷர் ஒரே காகிதத்தில் காணாமல் போய்விட்டார்.

"சம்பளச் சீட்டு குடுத்ததே இல்லைண்ணே. என்கிட்ட ஒண்ணும் இல்லை. அந்த ரிஜிஸ்டருங்கதான் இருக்கு. என் கையெழுத்து. ஒண்ணே ஒண்ணு கிடைச்சாப் போதும்னு வக்கீல் சொல்றாரு. இல்லேன்னா நீங்க வந்து, இவருதான் எனக்கு சார்ஜ் குடுத்தாருன்னு ஒரு வார்த்தை சொல்லணும்."

"பாக்கலாம்பா" என்றார் எடைக்காரர்.

இந்த 'பாக்கலாம்' இருக்கிறதே, அதற்கு என்ன அர்த்தம் என்று சொல்பவருக்கும் தெரியும், கேட்பவருக்கும் தெரியும். எடைக்காரருக்கு ஓய்வு பெற இன்னும் இருபத்திரண்டு மாதம்தான் இருந்தது. ஆபீசர் இப்போதெல்லாம் ஜன்னலில் எட்டிப் பார்த்துச் சிரிக்கிறார், "எப்படி இருக்கீங்க" என்கிறார். அந்தச் சிரிப்புக்கு இவர் நடுங்கினார். இன்னொரு தடவை கையில் காகிதம் கொடுத்து அனுப்பினால் இன்னொரு ஏழு வருஷம் நடக்கக் காலில் பலம் இல்லை. இது பயம்தான், வேறு பேர் வைக்க வேண்டியதில்லை.

வீட்டில் சொன்னார். அதிசயத்தைப் பாருங்கள், ஏழு வருஷம் வாய் ஓயாமல் திட்டித் தீர்த்த மனைவிதான் அன்றைக்குத் தையலை நிறுத்திவிட்டு நிமிர்ந்தாள். "ஒரு புஸ்தகத்தைச் சாப்பாட்டுப் பையில போட்டு எடுத்துட்டு வந்துடுங்க. யாருக்குத் தெரியப்போகுது? அந்த வாட்ச்மேன் அண்ணன் அன்னிக்கு யோசிச்சிருந்தா நாம எங்க இருந்திருப்போம்?"

"எடுக்கிறேன். சமயம் பாத்துத்தான் எடுக்கணும்."

"எப்ப?"

"எடுக்கிறேன்னு சொல்றேன்ல."

மகள் அன்றிலிருந்து தினமும் காலையில் அப்பாவின் சாப்பாட்டுப் பையை மாற்றிப் பெரிய பையாக எடுத்து வைத்தாள். அவர் அதைப் பார்த்தும் பார்க்காத மாதிரி எடுத்துக்கொண்டு போனார். சாயங்காலம் பை போனபடியே காலி டப்பாவோடு திரும்பி வந்தது. இன்றைக்கு ஆபீசர் வந்துவிட்டார், இன்றைக்குக் கூட்டம், இன்றைக்கு செக்யூரிட்டி பையைத் திறந்து பார்க்கிறான். ஒவ்வொரு நாளும் ஒவ்வொரு காரணம், ஒவ்வொன்றும் உண்மைதான். அந்தக் காரணங்களையெல்லாம் தாண்டி, அலமாரி அவர் முதுகுக்குப் பின்னால் இரண்டடி தூரத்தில் இருந்தது என்பதும் உண்மை. இப்படியே ஐந்து மாதம் ஓடியது.

ஒரு செவ்வாய்க்கிழமை காலை ஆபீசர் ஜன்னலில் தலையை நீட்டினார். "அலமாரியில ஏகப்பட்ட குப்பை சேர்ந்துபோச்சு. பழைய ரிஜிஸ்டர் எல்லாத்தையும் டிராக்டர்ல ஏத்திக் கூழ்த் தொட்டிக்கு அனுப்பிடுங்க. ஆபீஸ்ல இருந்தும் பழைய ஃபைல் வருது, சேத்து எடை போட்டுடுங்க. எல்லாம் கம்ப்யூட்டர்ல இருக்கு, எதுக்கு இந்தப் பேப்பரு?"

எதற்கு என்று இவருக்குத் தெரியும். அவருக்கும் தெரியும். "சரிங்க சார்" என்றார்.

முப்பத்தொரு ரிஜிஸ்டர். இரண்டு கூலியாட்கள் கைமாற்றிக் கைமாற்றி டிராக்டரின் பெட்டியில் எறிந்தார்கள். லோடோடு வண்டி மேடையில் ஏறி நின்றது. டிரைவர் இறங்கி, "ஒரு டீ குடிச்சிட்டு வந்துடறேண்ணே" என்று போனான். கூலியாட்களும் பின்னாலேயே போனார்கள். மேடையைச் சுற்றி ஒரு ஈ காக்காய் இல்லை. எப்போதும் வரிசை கட்டி நிற்கும் வாசல் அன்றைக்குப் பார்த்துக் காலியாகக் கிடந்தது.

எடைக்காரர் வெளியே வந்தார். குவியலின் மேலேயே ஒரு ரிஜிஸ்டர் விரிந்து கிடந்தது. எடுத்துப் பார்த்தார். ஏழு வருஷத்துக்கு முந்தைய தேதி. முதல் பக்கத்தில் புதுசின் கையெழுத்து கொஞ்சம் பெரிதாக, பயந்து பயந்து போட்ட மாதிரி இருந்தது. இவரை வெளியே அனுப்பிய மறுநாள் தேதி அது. கீழே அதே ஆபீசர் பச்சை மையில் சரிபார்த்து ஒப்பமிட்டிருந்தார். வழக்குக்கு இதைவிட என்ன வேண்டும்? இந்த ஒன்று போதும்.

புத்தகத்தை அறைக்குள் கொண்டுவந்து மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். மேஜைக்கு அடியில் மகள் கொடுத்த பெரிய பை வாயைத் திறந்துகொண்டு இருந்தது. எடைமேடை பத்து கிலோவுக்குக் கீழே வித்தியாசம் காட்டாது. ஒரு ரிஜிஸ்டர் இரண்டு கிலோகூட வராது. அந்த ஆலையில் இது யாருக்குத் தெரியாவிட்டாலும் இவருக்குத் தெரியும். எடுத்தால் ஒருத்தருக்கும் தெரிய வழியில்லை. அன்றைக்கு மத்தியானத்துக்கு மேல் செக்யூரிட்டியும் விடுப்பு.

போன் அடித்தது. ஆபீசர். "ஏத்தியாச்சா?"

"ஏத்தியாச்சு சார்."

"எல்லாமா?"

அவர் சும்மாதான் கேட்டார். ஒரு பேச்சுக்குக் கேட்டார். எடைக்காரர் மடியில் இருந்த புத்தகத்தைப் பார்த்தார். கை ஈரமாகி அட்டையில் விரல் தடம் பதிந்திருந்தது.

"எல்லாம் சார்" என்றார். போனை வைத்துவிட்டு எழுந்து போய், புத்தகத்தை மூடி, குவியலின் மேல் வைத்துவிட்டு வந்தார். சொன்னது பொய்யாகிவிடக் கூடாதே என்பது போல வைத்தார். டிரைவர் வந்தான், வண்டி போயிற்று. அரை மணியில் காலி வண்டி திரும்பி வந்தது. மேடையில் ஏற்றி நிறுத்தி, காலி எடையும் பார்த்துத்தான் எழுதினார்.

அன்று சாயங்காலம் மகள் பையை வாங்கித் திறந்து பார்த்தாள். டப்பாவை மட்டும் எடுத்துக் கழுவப் போட்டாள். மறுநாள் காலை பழைய சின்னப் பை மேஜைமேல் இருந்தது.

வெள்ளிக்கிழமை புதுசு வந்தார். முகத்தில் தெளிவு இருந்தது, கையில் ஒரு காகிதம். "அண்ணே, உங்களை இனிமே தொந்தரவு பண்ண மாட்டேன். பழைய ரிஜிஸ்டரெல்லாம் கோர்ட்ல கொண்டுவந்து வைக்கணும்னு நேத்து ஆர்டர் ஆயிடுச்சு. நீங்க ஒண்ணும் சொல்ல வேணாம், ஒண்ணும் எடுத்துத் தர வேணாம். அவங்களே கொண்டுவந்து ஆகணும்."

எடைக்காரர் கேட்டின் கம்பியைப் பிடித்துக்கொண்டார். "பழசெல்லாம் தொட்டிக்குப் போயிடுச்சுப்பா."

"எப்பண்ணே?"

"செவ்வாக்கிழமை."

புதுசு காகிதத்தைப் பார்த்தார், இவரைப் பார்த்தார். "நீங்க லீவா?"

"இல்ல. இருந்தேன்."

திட்டுவார் என்று எடைக்காரர் நினைத்தார். திட்டினால் தேவலை என்றுகூட இருந்தது. நாலு கெட்ட வார்த்தை சொல்லிக் கேட்டை உதைத்திருந்தால் அதை வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போயிருக்கலாம். புதுசு அப்படியெல்லாம் செய்யவில்லை. காகிதத்தை நாலாக மடித்துப் பையில் வைத்துக்கொண்டார்.

"எவ்ளோ இருந்துச்சுண்ணே?"

"எது?"

"என் புஸ்தகமெல்லாம்."

"ஆபீஸ் ஃபைலோட சேத்து முன்னூத்தி எண்பது."

"நம்மது மட்டும் ஒரு அறுபது இருக்கும்" என்றார் புதுசு.

"இருக்கும்."

பின்னால் ஒரு லாரி வந்து ஹாரன் அடித்தது. புதுசு சைக்கிளை ஒதுக்கி வழிவிட்டார். லாரி கேட்டைத் தாண்டி எடைமேடையில் ஏறியது. கம்பிக்கு வெளியே நின்றபடியே புதுசு எட்டிப் பார்த்தார். பின்சக்கரம் மேடையின் விளிம்பில் இருந்தது. அவருடைய வலது கை தானாக மேலே போய், இன்னும் கொஞ்சம் முன்னால் வா என்று டிரைவருக்குச் சைகை காட்டியது. டிரைவரும் பழக்கத்தில் வண்டியை ஒரு அடி முன்னால் எடுத்து நிறுத்தினான். அப்புறம்தான் புதுசு தன் கையைப் பார்த்தார். அதை இறக்கிக்கொண்டு, "வரேண்ணே" என்று சொல்லிவிட்டுச் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு போனார்.

வண்டி சரியாக நின்றிருந்தது. எடைக்காரர் உள்ளே போய் எடையை எழுதினார்.